வட்டத்துக்குள் கோடு, அலகில் இலை: சமாதானக் குறிகள் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

திருப்பூரில் பனியன் துணியில் படம் அச்சிடும் பட்டறைகளில் பதினெட்டு வருடம் வேலை பார்த்தவன் நான். படத்தை அச்சிடும் சட்டத்தை, அதாவது ஸ்கிரீனை, கழுவுவதில் ஆரம்பித்து, ஆர்ட்வொர்க் சரிபார்க்கிற இடம் வரைக்கும் வந்தேன். அத்தனை வருடத்தில் என் கை வழியாக அதிகம் போன படம் எது என்றால் சமாதானக் குறிதான். வட்டக்குறி, புறா, இரண்டு விரல், ஆலிவ் இலை என்று ஏதாவது ஒன்று எல்லா சீசனிலும் வரும். மேசையில் நிற்கிற பையன்கள், "இது என்னங்கண்ணா?" என்று கேட்பார்கள். முதலில் எனக்கும் தெரியாது. தேடிப் படித்துத்தான் சொல்ல ஆரம்பித்தேன். அப்புறம் செப்டம்பர் 21, உலக அமைதி நாளுக்குப் பள்ளிகளில் வந்து பேசச் சொன்னார்கள். பட்டறையிலும் பள்ளியிலும் திரும்பத் திரும்ப வந்த கேள்விகளை இங்கே சேர்த்திருக்கிறேன்.

டி-ஷர்ட்டில் வருகிற அந்த வட்டக்குறியை வரைந்தது யார்?

ஜெரால்ட் ஹோல்டம் என்ற ஆங்கிலேய ஓவியர். 1958 பிப்ரவரியில் வரைந்தார். இரண்டாம் உலகப் போரின்போது, மனசாட்சி இடம் கொடுக்கவில்லை என்று துப்பாக்கி தூக்க மறுத்து, நார்ஃபோக் பகுதியில் ஒரு பண்ணையில் வேலை செய்தவர் அவர்.

1950களில் அமெரிக்கா, சோவியத் ஒன்றியம், பிரிட்டன் மூன்றும் போட்டி போட்டுக்கொண்டு அணுகுண்டுகளை வெடித்துச் சோதித்தன. அதை எதிர்த்து லண்டன் டிரஃபால்கர் சதுக்கத்திலிருந்து ஆல்டர்மாஸ்டன் என்ற ஊரிலுள்ள அணு ஆயுத ஆராய்ச்சி நிலையம் வரை நடந்து போவது என்று அணு ஆயுத எதிர்ப்பு இயக்கத்தார் முடிவு செய்தார்கள். 1958 ஈஸ்டர் விடுமுறையில் நான்கு நாள் நடை, சுமார் 83 கிலோமீட்டர். திருப்பூரிலிருந்து தாராபுரம் வழியாகப் பழனிக்குப் பாதயாத்திரை போகிறவர்களுக்கு அது எவ்வளவு தூரம் என்று கால் சொல்லும், ஏறத்தாழ அதே தூரம்தான். அந்த நடையில் தூக்கிப் பிடிக்கத்தான் இந்தக் குறி பிறந்தது.

கப்பலில் இரண்டு கையிலும் கொடி பிடித்து எழுத்துகளைக் காட்டும் செமாஃபோர் முறை ஒன்று உண்டு. அதில் 'என்' எழுத்துக்கு இரண்டு கையையும் பக்கவாட்டில் சாய்வாகக் கீழே இறக்க வேண்டும். 'டி' எழுத்துக்கு ஒரு கை நேர் மேலே, மற்றது நேர் கீழே. அணு ஆயுதக் களைவு என்பதற்கான ஆங்கிலச் சொற்கள் இரண்டின் முதல் எழுத்துகள் இவை. இரண்டையும் ஒன்றன்மேல் ஒன்றாக வைத்து, உலகம் என்று ஒரு வட்டம் போட்டால் குறி வந்துவிடுகிறது.

எழுத்துக் கணக்கு இப்படியிருக்க, ஹோல்டம் பின்னால் எழுதிய கடிதத்தில் வேறொன்றும் சொல்கிறார். அப்போது அவர் மிகுந்த மனச்சோர்வில் இருந்தாராம். தன்னையே வரைந்தாராம்: உள்ளங்கைகள் வெளியே தெரிய, கைகளை விரித்துக் கீழே தொங்கவிட்டு நிற்கும் ஒரு மனிதன். ஸ்பெயின் நாட்டு ஓவியர் கோயாவின் ஓவியத்தில் துப்பாக்கிகளுக்கு முன்னால் நிற்கும் குடியானவனைப் போல என்று எழுதினார். அந்த உருவத்தைக் கோடாக்கி வட்டத்துக்குள் வைத்தார். இதைப் படித்த நாளிலிருந்து எனக்கு அந்தக் குறியில் கோடு தெரிவதில்லை, கையை விரித்து நிற்கும் ஒரு ஆள்தான் தெரிகிறார்.

இன்னொரு விஷயம். அந்த நடையில் கொடுத்த முதல் பேட்ஜ்கள் களிமண்ணில் சுட்டவை. அணுகுண்டு விழுந்து எல்லாம் கருகினாலும் இந்தச் சுட்ட மண் மிஞ்சும் என்ற குறிப்போடு கொடுத்தார்கள். நம் கொடுமணலில், நொய்யல் கரையில், யார் யாருடைய பெயரோ கீறிய பானை ஓடுகள் இரண்டாயிரம் வருடத்துக்கு மேல் மண்ணுக்குள் இருந்து வெளியே வந்திருக்கின்றனவே, அதை நினைத்துக்கொள்ளுங்கள். சுட்ட மண்ணை நம்பியவர்கள் சரியாகத்தான் நம்பியிருக்கிறார்கள்.

அது உடைந்த சிலுவை, சாத்தான் குறி, பிள்ளைகளுக்குப் போடாதீர்கள் என்று ஒரு செய்தி வாட்ஸ்அப்பில் வருகிறதே?

பழைய வதந்தி. அமெரிக்காவில் வியட்நாம் போருக்கு எதிராக இளைஞர்கள் இந்தக் குறியை அணிந்தபோது, அவர்களைப் பிடிக்காதவர்கள் கிளப்பியது. ரோமாபுரி நீரோ மன்னன் கிறிஸ்தவர்களை ஒடுக்கப் பயன்படுத்திய குறி என்றுகூடச் சொன்னார்கள். அதற்கு ஆதாரம் கிடையாது. ஹோல்டம் முதலில் வட்டத்துக்குள் சிலுவையைத்தான் வைக்க நினைத்தார். ஊர்வலத்தில் சிலுவையைத் தூக்கிப் போவதைச் சில பாதிரியார்கள் விரும்பவில்லை என்பதால் அதை விட்டார். சிலுவையை மதித்து விலக்கியவர் வரைந்த படத்தையே சிலுவைக்கு எதிரானது என்று சொல்வது அநியாயம்.

கோடுகள் மேலே பார்த்திருந்தால் அது தப்பான பிரிண்டா?

ஆர்டர் கொடுத்தவர் கணக்கில் தப்பு. இது எங்களுக்கே நடந்தது. நான் வேலை செய்த ஒரு பட்டறையில் இரவு ஷிஃப்டில் ஸ்கிரீனைத் திருப்பி மாட்டிவிட்டார்கள். காலையில் செக்கிங்கில் இருந்த அக்கா ஒருவர்தான், "ஏனுங்க, நேத்து கோடு கீழ பாத்துதானுங்க இருந்துச்சு" என்று கண்டுபிடித்தார். அதற்குள் பெரிய லாட் ஓடி முடிந்திருந்தது. எல்லாம் செகண்ட்ஸில், அதாவது குறைப்பட்ட சரக்கில், போனது. ஷிஃப்டில் இருந்த பையன் அழுதேவிட்டான். நானும் ஒரு பீஸ் எடுத்து வைத்துக்கொண்டேன்.

ரொம்ப நாள் கழித்துத்தான் படித்தேன். ஹோல்டமே பின்னாளில் தன் குறியைத் தலைகீழாக்க விரும்பியிருக்கிறார். அமைதி என்பது கொண்டாட வேண்டியது, அதைக் கை சோர்ந்து விழுந்தது போலக் காட்டிவிட்டோமே என்ற வருத்தம் அவருக்கு. திருப்பினால் மனிதன் கையை மேலே உயர்த்தி நிற்பான், மரம் கிளை விரித்தது போலவும் இருக்கும். செமாஃபோரில் இரண்டு கையும் மேலே சாய்ந்தால் அது 'யு' எழுத்து. 'எதிரி செய்யட்டும் என்று காத்திராமல் நாம் முதலில் ஆயுதத்தைக் கீழே வைப்போம்' என்ற கோரிக்கைக்கான ஆங்கிலச் சொல் அந்த எழுத்தில்தான் தொடங்குகிறது. கோயா 1814இல் வரைந்த அந்த ஓவியத்தைப் பாருங்கள்: வெள்ளைச் சட்டைக்காரனின் இரண்டு கையும் மேலேதான் இருக்கின்றன. ஹோல்டம் மனதில் இருந்த கை கீழே இறங்கியிருந்தது, அவ்வளவுதான். அந்தப் பையன் மாட்டிய ஸ்கிரீன், வரைந்தவரின் பின்னாள் ஆசையை அவரே அறியாமல் நிறைவேற்றியிருக்கிறது. அவனைத் தேடிப் போய்ச் சொன்னேன்.

பென்ஸ் கார் குறியும் இதுவும் ஒன்றா?

இல்லை. பென்ஸ் குறியில் மூன்று கோடு, நேர் கீழே கோடு கிடையாது. சுவரில் வரைகிற பிள்ளைகள் அந்தக் கீழ்க்கோட்டைத்தான் மறந்துவிடுகிறார்கள்.

அச்சிட யாரிடமாவது அனுமதி வாங்க வேண்டுமா?

வேண்டாம். ஹோல்டமும் அந்த நடையை நடத்திய இயக்கத்தாரும் இதைப் பதிவு செய்து தமக்கென்று வைத்துக்கொள்ளவில்லை. யார் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளட்டும் என்றுதான் விட்டார்கள்.

புறா எப்படிச் சமாதானப் பறவை ஆனது?

பலரும் நினைப்பதைவிட வளைந்து வந்த பாதை அது. பழைய மெசொப்பொத்தேமியாவில் புறா, இஷ்தார் என்ற தெய்வத்துக்கு உரியது. அவள் காதலுக்கும் தெய்வம், போருக்கும் தெய்வம். கிரேக்கர்களிடம் அஃப்ரொடைட்டி என்ற காதல் தெய்வத்தின் பறவை. பைபிளில் நோவா கப்பலிலிருந்து விட்ட புறா, ஒலிவ இலையைக் கொத்திக்கொண்டு திரும்புகிறது. வெள்ளம் வடிந்தது, எங்கோ மரம் துளிர்த்திருக்கிறது என்பதற்கு அதுவே சாட்சி. அந்தப் புறா வெள்ளை என்று பைபிளில் எங்கும் இல்லை. பின்னால் ரோம் நகரின் நிலத்தடிக் கல்லறைகளில் ஆதி கிறிஸ்தவர்கள், இறந்தவர் அமைதியாக உறங்கட்டும் என்று இலையோடு புறாவை வரைந்தார்கள்.

இன்று போஸ்டர்களில் பார்க்கிற அரசியல் புறா 1949இல் வந்தது. பாரிஸில் நடந்த உலக அமைதி மாநாட்டின் சுவரொட்டிக்கு, பிக்காசோ வரைந்து வைத்திருந்த ஒரு கல் அச்சுப் படத்தைக் கவிஞர் லூயி அரகோன் தேர்ந்தெடுத்தார். அதில் இலை இல்லை, கோட்டுப் படமும் இல்லை. கறுப்புப் பின்னணியில் ஒரு வீட்டுப் புறா, கால் மூடும்படி இறகு. ஓவியர் மத்தீஸ் பிக்காசோவுக்குக் கொடுத்த மிலான் வகைப் புறா அது. கோவையிலும் திருப்பூரிலும் மாடியில் கூண்டு வைத்துப் பந்தயப் புறா வளர்க்கிறவர்களிடம் அந்தப் படத்தைக் காட்டினேன். பார்த்ததும் முதலில் காலைத்தான் சொன்னார்கள். பிக்காசோவின் அப்பாவும் புறாக்களை வரைந்தவர். அந்த மாநாட்டு நாட்களில் பிறந்த மகளுக்குப் பிக்காசோ பலோமா என்று பெயர் வைத்தார். ஸ்பானிய மொழியில் அதற்குப் புறா என்று பொருள். கூர்மையான அலகும் பூங்கொத்தும் இலையுமாக ஒரே கோட்டில் ஓடும் புறாக்களை அவர் வரைந்தது அதற்கு அடுத்த ஆண்டுகளில்.

தமிழில் புறா எதற்குக் குறி?

அடைக்கலத்துக்கு. பருந்துக்குத் தப்பி மடியில் விழுந்த புறாவுக்காகத் தன் தசையை அறுத்துத் தராசில் வைத்த சிபியின் கதை நமக்குத் தெரியும். சோழர்கள் தங்களை அவன் வழியினர் என்று சொல்லிக்கொண்டார்கள், செம்பியன் என்ற பெயரும் அதனால்தான் என்பார்கள். புறநானூற்றில் கோவூர்கிழார் இதை வைத்து ஒரு காரியம் சாதிக்கிறார். பகைவனான மலையமானின் சின்னஞ்சிறு பிள்ளைகளை யானையை விட்டு மிதிக்கச் செய்ய நிறுத்தியிருக்கிறான் சோழன் கிள்ளிவளவன். நீ ஒரு புறாவின் துன்பம் பொறுக்காதவன் வழியில் வந்தவன், இந்தப் பிள்ளைகளோ யானையைப் பார்த்து அழுகையை மறந்து வேடிக்கை பார்க்கிறவர்கள், சொல்வதைச் சொல்லிவிட்டேன், இனி உன் விருப்பம் என்கிறார். எனக்குத் தெரிந்து புறாவைக் காட்டி ஒருவர் உயிர் கேட்டதில் இது மிகப் பழையது. போஸ்டரில் பறக்கிற புறாவைவிட மடியில் விழுந்த புறா எனக்கு நெருக்கம். வந்தவரைக் காப்பாற்றுகிற பொறுப்பு பார்க்கிறவர் மேல் விழுகிறது பாருங்கள்.

பள்ளி விழாவில் வெள்ளைப் புறா பறக்கவிடலாமா?

வேண்டாம் என்பேன். கூண்டிலேயே வளர்ந்த வெள்ளைப் புறாவுக்கு இரை தேடத் தெரியாது, பருந்துக்கும் பூனைக்கும் சுலபமாக அகப்படும். 1988 சியோல் ஒலிம்பிக் தொடக்க விழாவில் தீபம் ஏற்றும்போது கொப்பரை விளிம்பில் உட்கார்ந்திருந்த புறாக்கள் தீயில் மாட்டிக்கொண்டன. 2014 ஜனவரியில் வத்திக்கானில் குழந்தைகள் பறக்கவிட்ட புறாக்களை அங்கேயே ஒரு கடற்பறவையும் காக்கையும் தாக்கின. காகிதத்தில் செய்து பறக்கவிடுங்கள், குழந்தைகளுக்கு அதில்தான் வேலையும் அதிகம்.

ஆலிவ் கிளையில் அப்படி என்ன இருக்கிறது? நம் ஊரில் இல்லாத மரமாயிற்றே?

மரம் இல்லை, ஆனால் அந்த உணர்வு நமக்கு நன்றாகவே தெரியும். ஆலிவ் மெதுவாக வளரும், நின்று காய்க்கப் பல வருடம் ஆகும், காய்க்க ஆரம்பித்தால் தலைமுறை தலைமுறையாகக் கொடுக்கும். அப்படிப்பட்ட மரத்தை ஒருவன் நடுகிறான் என்றால் இங்கே நாளைக்குப் போர் வராது என்று நம்புகிறான். ஆகவே பகை நாட்டுத் தோப்பை வெட்டுவது பழைய போர்களில் பெரிய அடி. ஏதென்ஸில் புனித ஆலிவ் மரத்தை வெட்டினால் கடும் தண்டனை. கிரேக்கர்கள் அடைக்கலம் கேட்டுப் போகும்போது கம்பளி நூல் சுற்றிய ஆலிவ் கிளையைப் பிடித்துப் போனார்கள். எய்ரினி என்ற அமைதித் தெய்வத்துக்கு ஏதென்ஸில் வைத்த சிலை, கையில் ஒரு குழந்தையை ஏந்தியிருக்கும். குழந்தையின் பெயர் செல்வம். வெள்ளாமை செய்கிற நாட்டுக்கு இதை விளக்கத் தேவையில்லை.

இப்போது நம் பக்கம் வாருங்கள். சங்ககாலத்தில் ஒவ்வொரு வேந்தனுக்கும் ஒரு காவல்மரம். படையெடுத்து வந்தவன் முதலில் அதைத்தான் வெட்டுவான். நன்னன் என்ற குறுநில மன்னனின் காவல்மரம் மா. ஆற்றில் மிதந்து வந்த அதன் காயை ஒரு பெண் எடுத்துத் தின்றுவிட்டாள். 81 யானையும் அவள் எடைக்கு எடை பொன்னால் செய்த பாவையும் தருகிறோம் என்று கெஞ்சியும் கேளாமல் அவளைக் கொன்றான் என்கிறது குறுந்தொகை. கோசர் என்ற போர்க்குடியினர் அந்த மாமரத்தை வெட்டி வீழ்த்தியதும் அதே நூலில் இருக்கிறது. ஆனைமலை மாசாணியம்மனின் கதையாக நம் மக்கள் சொல்வதும் இதுதான். அங்கே மிளகாய் அரைத்துப் பூசி நியாயம் கேட்கிற பெண்களைப் பார்த்திருப்பீர்கள். ஒரு மரத்தை வைத்து எவ்வளவு பெரிய பகையும் நடக்கும் என்று தெரிந்த நாடு இது. அப்படியானால் அந்த மரத்திலிருந்து ஒரு கிளையை ஒடித்து எதிரி கையில் கொடுப்பது எவ்வளவு பெரிய காரியம்!

ஐக்கிய நாடுகள் சபையின் சின்னத்தில் உலகப் படத்தைச் சுற்றி இருப்பதும் இரண்டு ஆலிவ் கிளைகள்தான், 1946இல் ஏற்றார்கள். 1969இல் நிலவில் இறங்கியவர்கள் பொன்னில் செய்த ஒரு சிறு ஆலிவ் கிளையை அங்கே விட்டு வந்தார்கள்.

இரண்டு விரலைக் காட்டுவது வெற்றிக்கா, சமாதானத்துக்கா?

இரண்டுக்கும். 1941 ஜனவரியில் பெல்ஜியத்தைச் சேர்ந்த விக்டர் தெ லாவ்லே பி.பி.சி. வானொலியில், நாஜிகள் பிடித்த ஊர்களில் சுவரெல்லாம் 'வி' எழுத்தை எழுதச் சொன்னார். அவர் நாட்டில் பிரெஞ்சு பேசுகிறவர்களுக்கு அது வெற்றியின் முதல் எழுத்து, டச்சு பேசுகிறவர்களுக்கு விடுதலையின் முதல் எழுத்து. சர்ச்சில் அதை விரலில் காட்டினார். 1960களில் வியட்நாம் போரை எதிர்த்தவர்கள் அதே விரல்களைச் சமாதானத்துக்கு எடுத்துக்கொண்டார்கள். ஒரு எச்சரிக்கை: உள்ளங்கை வெளியே தெரிய வேண்டும். புறங்கையைக் காட்டினால் பிரிட்டனிலும் ஆஸ்திரேலியாவிலும் அது வசவு. அந்த நாடுகளுக்குப் போகிற குழந்தைகள் துணியில் கை எந்தப் பக்கம் திரும்பியிருக்கிறது என்று நான் இரண்டு முறை பார்ப்பேன்.

நம் குழந்தைகளிடம் இதைவிடத் தெளிவான ஒன்று இருக்கிறது. எங்கள் தெருவில் சுண்டு விரலைக் காட்டினால் காய், அதோடு பேச்சு கிடையாது. ஆள்காட்டி விரலையும் நடுவிரலையும் நீட்டினால் பழம். ஊருக்கு ஊர் விரல் மாறலாம். ஆனால் காயை மட்டும் தனியாகவே விட்டுவிடலாம், பழம் விட இரண்டு பேர் வேண்டும். ஒருவர் நீட்ட, மற்றவர் தொட்டால்தான் சேரும். காய் என்றால் இன்னும் பழுக்கவில்லை, கொஞ்ச நாளில் பழுத்துவிடும் என்ற நம்பிக்கை சண்டைக்கு வைத்த பெயரிலேயே இருக்கிறது. உலகக் குறிகளில் வேறெதிலும் இந்த அழகை நான் பார்க்கவில்லை.

காகிதக் கொக்கு எதற்கு?

சடாகோ சசாகி என்ற சிறுமிக்காக. 1945 ஆகஸ்ட் 6 அன்று ஹிரோஷிமாவில் குண்டு விழுந்தபோது அவளுக்கு இரண்டு வயது. ஓட்டப் பந்தயத்தில் கெட்டிக்காரியாக வளர்ந்தாள். பிறகு இரத்தப் புற்றுநோய் வந்தது. ஆயிரம் கொக்கு மடித்தால் நினைத்தது நடக்கும் என்பது ஜப்பானிய நம்பிக்கை. மருத்துவமனையில் மருந்து சுற்றி வந்த தாளைக்கூட விடாமல் மடித்தாள். 1955 அக்டோபர் 25 அன்று பன்னிரண்டு வயதில் இறந்தாள். ஆயிரம் முடிப்பதற்குள் இறந்தாள் என்று சொல்லும் கதை பரவியிருக்கிறது. ஆயிரத்தைத் தாண்டி மடித்தாள் என்றுதான் அவள் குடும்பத்தாரும் ஹிரோஷிமா நினைவு அருங்காட்சியகமும் சொல்கிறார்கள். அதுதான் எனக்கு அதிகம் வலிக்கிறது. ஆயிரம் முடித்த பிறகும் மடித்துக்கொண்டிருந்தாள். கூடப் படித்த பிள்ளைகள் பணம் திரட்ட முயற்சி எடுத்து, 1958 மே 5 அன்று அங்கே குழந்தைகள் அமைதி நினைவுச் சின்னம் எழுந்தது.

ஒரு சொல் சிக்கல் உண்டு. நமக்குக் கொக்கு என்றால் வயல் வரப்பில் மீனுக்காக ஒற்றைக் காலில் காத்திருப்பது. திருக்குறளிலும் அது சமயம் பார்த்துக் குத்துவதற்குத்தான் உவமை. ஜப்பானியர் மடிப்பது அந்தக் கொக்கை இல்லை. நெடுநாள் வாழும் என்று அவர்கள் நம்புகிற, உயரமான, வேறு இனப் பறவை. பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுக்கும்போது படத்தையும் காட்டிவிடுங்கள்.

வெள்ளைக் கொடி சமாதானக் கொடிதானே?

சரியாகச் சொன்னால், 'சுடாதே, பேச வருகிறேன்' என்ற கொடி. 1899, 1907 ஹேக் உடன்படிக்கைகளின்படி அதைப் பிடித்து வருகிறவரைத் தாக்கக்கூடாது. வெள்ளைக் கொடி காட்டி ஏமாற்றித் தாக்குவதும் குற்றம். அதற்கப்புறம் சரணடைவதா, பேசுவதா, பிணங்களை எடுத்துக்கொள்ள நேரம் கேட்பதா என்பது வேறு விஷயம்.

வெள்ளையை வெளிப்படையாகச் சமாதானம் என்று எழுதி வைத்த கொடி நம்முடையது. 1931இல் காங்கிரஸ் மூவர்ணக் கொடியை ஏற்றபோது வெள்ளை உண்மைக்கும் அமைதிக்கும் என்று தீர்மானித்தது. நடுவில் ராட்டை. சென்னிமலையில் பிறந்த குமரன், 1932 ஜனவரி 10 அன்று திருப்பூர் ஊர்வலத்தில் தடியடிபட்டு விழுந்தபோது கையில் விடாமல் பிடித்திருந்த கொடி அதுதான். மறுநாள் இறந்தார், வயது 27. அவர் கையில் இருந்த ஒரே பொருள் அந்தக் கொடி. திருப்பூரில் சமாதானக் குறி பற்றிப் பேசப் போகும்போதெல்லாம் நான் ஹோல்டமுக்கு முன்னால் குமரனைத்தான் சொல்வேன்.

கோயில் சிலைகளில் உள்ளங்கை காட்டுவதும் இந்த வகையா?

ஆமாம், எல்லாவற்றிலும் பழையது அதுவாக இருக்கலாம். அபய முத்திரை என்பார்கள், தமிழில் 'அஞ்சேல்'. பேரூரில் நடராசரைப் பாருங்கள், ஒரு வலக்கை உடுக்கை பிடிக்க, இன்னொரு வலக்கை பயப்படாதே என்கிறது. மதம் பிடித்து ஓடிவந்த யானை முன் புத்தர் காட்டியதும் இதே கைதான் என்று பௌத்தக் கதை. கொங்கில் சமணம் செழித்த இடங்கள் பல: அரச்சலூர்க் குகை, விஜயமங்கலத்துச் சந்திரப்பிரபர் கோயில். சமணர்கள், மகாவீரர் நிர்வாணமடைந்த 2500ஆம் ஆண்டையொட்டி 1974-75இல் எல்லாப் பிரிவினரும் சேர்ந்து ஒரு சின்னத்தை ஏற்றார்கள். அதிலும் விரித்த கை, உள்ளங்கையில் சக்கரம், நடுவில் அகிம்சை என்ற சொல். ஒரு உயிரைத் துன்புறுத்துமுன் நில் என்று அதற்குப் பொருள். அதே சின்னத்தில் ஸ்வஸ்திகாவும் இருக்கிறது. ஹிட்லர் எடுத்துச் சாய்த்து வைத்ததால் ஐரோப்பாவில் அதைப் பார்த்தால் இன்றும் பதறுவார்கள். அங்கே போகும் துணியில் அதை அச்சிடக்கூடாது என்று நாங்கள் கற்றுக்கொண்டோம். அவர்கள் பதற்றத்துக்கும் காரணம் உண்மையானது.

விரித்த கை எல்லா நாட்டுக்கும் புரிவதற்குக் காரணம் எளிது. உள்ளே ஆயுதம் இல்லை என்று தெரிகிறது.

ஆயுதத்தை வைத்தே சமாதானக் குறி செய்திருக்கிறார்களா?

நிறைய. வட அமெரிக்காவில் ஹோடினோசோனி மக்கள் ஐந்து குலங்களாகப் பிரிந்து ஓயாமல் சண்டையிட்டவர்கள். சமாதானத்தைக் கொண்டுவந்த பெரியவர் ஒருவர் அவர்களைச் சேர்த்து, ஒரு வெள்ளைப் பைன் மரத்தைப் பிடுங்கச் செய்து, அந்தக் குழிக்குள் ஆயுதங்களைப் போட்டு, மேலே மரத்தைத் திரும்ப நட்டார் என்பது அவர்கள் வழிவழியாகச் சொல்லும் வரலாறு. அந்தப் பைன் மரத்தின் ஊசி இலை ஐந்து ஐந்தாகத்தான் கொத்தாக இருக்கும், குலத்துக்கு ஒன்று. உச்சியில் ஆபத்தைப் பார்த்துச் சொல்ல ஒரு கழுகு. வேர்கள் நான்கு திசைக்கும் போகும், விரும்புகிறவர்கள் வேரைப் பிடித்துக்கொண்டு நிழலுக்கு வரலாம். அரசமரத்து மேடையில் பஞ்சாயத்து பார்த்த ஊர்க்காரர்களுக்கு இது சட்டென்று புரியும். சினிமாவில் காட்டுகிற 'சமாதானப் புகைக்குழாய்' அப்பகுதிகளின் பல பழங்குடியினருக்கு வழிபாட்டுப் பொருள். போர், பிரார்த்தனை, உடன்படிக்கை எல்லாவற்றுக்கும் எடுப்பார்கள். அந்தப் பெயர் வெளியார் வைத்தது.

நியூயார்க்கில் ஐ.நா. வளாகத்தில் வாளைத் தட்டிக் கலப்பைக் கொழுவாக்கும் ஒரு மனிதனின் சிலை நிற்கிறது. பைபிளில் ஏசாயா சொன்னதை வைத்து வுசெதிச் என்ற சிற்பி செய்தது, 1959இல் சோவியத் ஒன்றியம் கொடுத்தது. குழாயை முடிச்சுப் போட்ட துப்பாக்கியும் அங்கே உண்டு. பாடகர் ஜான் லென்னன் சுட்டுக் கொல்லப்பட்ட துக்கத்தில் ரொய்ட்டர்ஸ்வார்ட் என்ற சுவீடன் ஓவியர் செய்தது.

தகடூர் அதியமானுக்காக ஔவையார் தொண்டைமானிடம் தூது போனதும் ஆயுதத்தை வைத்துத்தான். தொண்டைமான் தன் ஆயுதசாலையைக் காட்டுகிறான். இவை மயில்பீலி சூட்டி, நெய் பூசி, அழகாகக் காவலில் இருக்கின்றன, எங்கள் மன்னனுடையவை குத்திக் குத்தி நுனி ஒடிந்து கொல்லன் பட்டறையில் கிடக்கின்றன என்றார் ஔவை. மிரட்டலும் புகழ்ச்சியும் சேர்ந்த பேச்சு. போரைத் தடுக்கப் போனவருக்குக் கையில் ஒரு சொல்லைத் தவிர ஒன்றுமில்லை.

நம் இலக்கணத்தில் ஆநிரை கவர வெட்சி, படையெடுக்க வஞ்சி, மதிலைச் சுற்ற உழிஞை, பொருத தும்பை, வென்றால் வாகை என்று போருக்குப் படிக்கு ஒரு பூ உண்டு. சமாதானமாகிப் பிரிவதற்கென்று ஒரு பூ இல்லை. தொல்காப்பியத்தில் காஞ்சி, எதுவும் நிலைக்காது என்பதற்குரிய திணை. நொய்யலுக்குப் பழைய பெயர் காஞ்சி நதி. எனக்குக் கேட்டால், சமாதானத்துக்கு ஒரு பூ வேண்டுமென்றால் அந்த ஆற்றங்கரையில் நின்ற காஞ்சி மரத்தின் பூவைச் சொல்வேன்.

செஞ்சிலுவை சமாதானக் குறியா?

இல்லை. போர் நடக்கும்போதே 'இது மருத்துவ உதவி, தாக்காதே' என்று சொல்கிற காப்புக் குறி. 1864 ஜெனீவா உடன்படிக்கையிலிருந்து வருகிறது. அதைத் துணியில் அலங்காரமாக அச்சிட்டு விற்பது சட்டப்படி தவறு.

வானவில் கொடியில் 'பாசே' என்று எழுதியிருப்பது?

இத்தாலிய மொழியில் சமாதானம். 1961இல் ஆல்டோ கபிடீனி பெருஜியாவிலிருந்து அசிசி வரை நடத்திய நடையில் முதலில் வந்தது. 2003இல் ஈராக் போருக்கு எதிராக இத்தாலியில் வீட்டு பால்கனிகளில் எல்லாம் தொங்கியது.

கொங்கு நாட்டுக்கென்று ஒரு சமாதானக் குறி உண்டா?

படமாக வரைந்த குறி ஏதும் இல்லை. ஆனால் உண்டு என்றுதான் சொல்வேன்.

இங்கே பகை முற்றினால், "அவங்க ஊட்டுல பச்சத்தண்ணி குடிக்க மாட்டேன்" என்பார்கள். எங்கள் அப்பாருவுக்கும் (தாத்தாவுக்கும்) அவருடைய பெரியப்பா மகனுக்கும் பொதுக் கிணற்றில் முறைத் தண்ணீர் யாருக்கு எந்த நாள் என்பதில் தகராறு. இரண்டு தோட்டமும் பக்கத்துப் பக்கத்தில். பதினொரு வருடம் பேச்சு இல்லை. நல்லது கெட்டதற்குப் போனாலும் பந்தலில் நின்றுவிட்டு வந்துவிடுவார்கள். வெற்றிலை பாக்கு வைத்துச் சமாதானம் பேசப் பங்காளிகள் இரண்டு முறை கூடியும் ராசியாகவில்லை.

ஒரு சித்திரை மாதத்து மத்தியானம். அந்தப் பெரியவர் எங்கள் தோட்டத்துப் பக்கமாக மாட்டைத் தேடி வந்தவர், வேலி ஓரம் வெயில் தாங்காமல் உட்கார்ந்துவிட்டார். எங்கள் அப்பத்தாள் (பாட்டி) யாரையும் கேட்கவில்லை. பானையிலிருந்து ஒரு சொம்பு மொண்டு எடுத்துப் போய் நீட்டினாள். "குடிங்க மாமா" என்றாள். அவர் சொம்பைப் பார்த்தார், திண்ணையில் இருந்த அப்பாருவைப் பார்த்தார். அப்பாரு எழுந்து போனார். போய், "அண்ணா, குடியுங்" என்றார். நான் அப்போது ஆறாவது படித்துக்கொண்டிருந்தேன். அவர் அண்ணாந்து குடித்ததும் தொண்டை ஏறி இறங்கியதும் இன்னும் கண்ணில் நிற்கின்றன. குடித்துவிட்டு மிச்சத்தை மாட்டுக்கு வைக்கச் சொன்னார். மறுநாள் காலையில் கிணற்று மேட்டில் இரண்டு பேரும் நின்று, முறை யாருக்கு என்று மறுபடியும் வாக்குவாதம் செய்துகொண்டிருந்தார்கள், ஆனால் பேசிக்கொண்டு.